பிசகுக் கணக்கு

உல்மெர் நகரில் ஏழு பாலங்கள்.
காற்று கடக்கையில் ஆளுக்கொரு சுரம் பிடிக்கும்.
ஏழும் கூடினால் ரொட்டி உப்பும், பால் உறையும்,
பல் முளைக்கும் பிள்ளை அழாமல் உறங்கும்.
எங்கள் கடிகாரங்களுக்கு முள் இல்லை;
ஆறாம் பாலம் கம்மினால் அந்தி.

ஒன்பது ஆண்டுக்கொரு முறை
சேர்த் ஆற்றின் பனிக்கட்டி விரிசல் விடும் வாரத்தில்
பிசகு வரும்.
மூன்று இரவு.
எங்கிருந்தென்று கேட்காதீர்கள், நான் வெறும் கணக்கன்.
மன்றத்தின் சேதப் பேரேட்டில் எனக்கு இது மூன்றாவது.
முதலாவதில் நான் எடுபிடி;
மைக்கூடு ஊளையிட்டது என்று உள்ளதை எழுதி
அறை வாங்கினேன்.

முதல் இரவு பதிவானவை:
தோல் பதனிடுவோர் தெருவில் ஒரு கண்ணாடி
முகத்தை அரை மூச்சு தாமதமாகத் திருப்பித் தந்தது.
விளக்குகள் எரிந்தன,
வெளிச்சம் பக்கத்து வீட்டில் விழுந்தது.
இரட்டையர் ப்ரூவும் ப்ரேயும்
ஒருவரையொருவர் யாரென்று விசாரித்தார்கள்.
கழுதை ஒன்று தன் நிழலை மிதிக்க மறுத்துச்
சந்தையை மறித்து நின்றது. அபராதம் இரண்டு செம்பு.
முப்பது ஆண்டாய் ஒரே நடை நடந்த
ஹெத்ருவும் அவள் கணவனும்
படியில் கால் மோதி விழுந்து,
விழுந்த இடத்திலேயே
முப்பது ஆண்டுச் சண்டையையும் போட்டு முடித்தார்கள்.
அதை எந்தப் பத்தியில் எழுதுவது?
சேதம் என்றா, பழுதுபார்ப்பு என்றா?

இரண்டாம் இரவு சுருதிக்காரி இஸ்கெல்மோ வந்தாள்.
பாலங்களின் காதைத் திருகுபவள்.
மயிரிழை விலகலையும்
கம்பியைப் பல்லில் கடித்தே சொல்லிவிடுவாள்.
"நான்காவதுதான் தடுமாறுகிறது.
அடியில் ஓர் இரும்பு ஆப்பு, பதின்மூன்று கல் எடை.
இனி எந்நாளும் பிசகு இல்லை.
கையெழுத்துப் போடும்."

போடலாம் என்றுதான் மையைத் தொட்டேன்.
ஆப்புக்கு இடம் அளக்க இருவரும் ஆற்றில் இறங்கினோம்.
பனிக்கட்டி காலடியில் முனகியது.
நான்காவதுக்கும் ஐந்தாவதுக்கும் நடுவே
அவள் நின்றாள். லாந்தரைத் தாழ்த்தினாள்.

கீழே, கறுத்த நீரில், பாசி பூசிய வளைவொன்று.
அதன்மேல் வண்டித் தடம்.
கைப்பிடிச் சுவரில் யாரோ கழற்றி வைத்த ஒற்றைக் கையுறை,
நீரோட்டத்திலும் நகராமல்.

என் பேரேட்டில் பாலங்கள் ஏழு.
எனக்கு முந்தையதிலும் ஏழு.
அதற்கும் முந்தையதில்
ஏழு என்ற சொல்லுக்கடியில் மட்டும் தாள் மெலிந்திருக்கும்.
பூச்சி அரிப்பு என்று நினைத்திருந்தேன்.
பூச்சிக்குக் கத்தி ஏது?

இஸ்கெல்மோ பனியில் காதை ஒட்டிப் படுத்தாள்.
நெடுநேரம்.
எழுந்தபோது கன்னத்துத் தோல் கொஞ்சம்
பனியிலேயே தங்கிவிட்டது.
"இது தன் சுரத்தில்தான் நிற்கிறது" என்றாள்.
"இது போன பிறகு இடைவெளி தெரியாதிருக்க
ஏழையும் கொஞ்சம் கொஞ்சம் நகர்த்தியிருக்கிறார்கள்.
என் ஆட்கள்தான். வேறு யாருக்குக் கை வரும்?"
பிறகு, தொழில்காரியின் குரலில்:
"ஆப்பு வைத்தால் கேட்காது. அது மட்டும் நிச்சயம்."

மூன்றாம் இரவு
மன்றத் தலைவர் ஆள்மேல் ஆள் அனுப்பினார்.
எழுதும் கை சொன்னபடி கேட்கவில்லை என்றேன்;
பிசகு நாளில் அதை யார் மறுக்க?
இஸ்கெல்மோ தன் திருகுச் சாவியை
எங்கோ வைத்து மறந்துவிட்டாளாம்.
நகரம் காதைப் பொத்திக்கொண்டு விடியலுக்குக் காத்திருந்தது.
ஹெத்ரு வீட்டில் மட்டும் விளக்கு,
யாரோ சிரிக்கும் சத்தம்;
வெளிச்சம் வந்து என் மேசையில் விழுந்தது.

அந்த வெளிச்சத்தில் புதுத் தாள் எடுத்து எழுதினேன்.
பாலங்கள்:
பேனா அங்கேயே நின்றது.
கீழே, பனிக்கடியில்,
ஒரு வண்டி ஓடிக்கொண்டிருந்தது,
கரை சேராமல்.